ரெங்கராஜின் காரும் அமிர்தத்தின் சக்கரமும்

எதைப் பார்த்தாலும் “இதை வீட்டிலேயே செஞ்சிடலாமே” என்று சொல்லும் ஒரு வகை மனிதர் உண்டு. உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. கடையில் பொருள் வாங்குகிறவனைக் கண்டால் அவருக்குப் பரிதாபம் பொங்கும். சட்டைப்பையில் பேனா இருக்கவேண்டிய இடத்தில் திருப்புளி இருக்கும். பழுதான கடிகாரத்தை அவரிடம் காட்டாதீர்கள். நன்றாக ஓடும் கடிகாரத்தைக் காட்டவே காட்டாதீர்கள்.

எங்கள் ஸ்ரீரங்கம் அடையவளஞ்சான் வீதியில் இந்த இனத்துக்கு ரெங்கராஜ்தான் அசல் உதாரணம். பொன்மலையில் ரயில்வே குமாஸ்தா. சீமைக்குத் திரும்பிய துரை ஒருவர் ஏலத்தில் விட்டுப்போன புல்வெட்டும் மிஷினை ஒருநாள் சைக்கிளில் கட்டிக்கொண்டு வந்து இறக்கினார். அவர் வீட்டில் வெட்டுவதற்கு ஒரு புல்கூடக் கிடையாது. என்ஜின் இருக்கிறதே, போதாதா? அதைக்கொண்டு கார் கட்டப்போவதாக அறிவித்தார்.

அன்றிலிருந்து வீடு கொஞ்சம் கொஞ்சமாகக் காராக மாறியது. கட்டிலின் சட்டம் வண்டியின் உடம்பாயிற்று, நாற்காலி காலிழந்து ஆசனமாயிற்று, பிள்ளையை வைத்துத் தள்ளிய வண்டியின் நாலு சக்கரமும் போயின, கடைசியில் மனைவி அமிர்தத்தின் தையல் மிஷினில் காலடியில் சுழலும் பெரிய சக்கரம் ஸ்டியரிங் ஆயிற்று. பிரேக்? அடுத்த மாடலில். கிளட்ச்? அதுவும் அதில்தான்.

அமிர்தத்துக்கோ வெள்ளிக்கிழமை மண்ணச்சநல்லூரில் தங்கை கல்யாணம். கல்யாண ரவிக்கைகள் துணி வெட்டியதோடு தைக்காமல் கிடந்தன. சக்கரத்தைக் கேட்டபோதெல்லாம், ஓட்டிப் பார்த்துவிட்டுத் தருவதாகச் சொன்னார். வியாழக்கிழமை காலையிலும் அதையே சொன்னார்.

“ஏங்க, கல்யாணப்பொண்ணு ரவிக்கை இல்லாமயா மணையில உக்காருவா?”

“எல்லாத்தையும் கார்லயே கொண்டுபோய்க் குடுத்துடலாம், அமிர்தம்.”

அன்றைக்கே வெள்ளோட்டம். வீதியே கூடியது. சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்தாயிற்று. ரெங்கராஜ் வண்டிக்குப் பின்னால் குனிந்து என்ஜின் கயிற்றை இழுத்தார், இழுத்தார், வேட்டி நழுவ நழுவ இழுத்தார், நடுநடுவே என்ஜின் தத்துவத்தை எங்களுக்கு விளக்கவும் செய்தார். அந்த நேரத்தில் அமிர்தம் ஸ்பானரோடு வந்து வண்டியின் முன்பக்கம் உட்கார்ந்தாள். ஒரே நட்டு. சக்கரத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். எல்லாரும் பார்த்தோம். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை.

என்ஜின் உயிர்பெற்றது. கிளட்ச் இல்லாத வண்டி எலுமிச்சம்பழத்தை நசுக்கிக்கொண்டு தானாகவே கிளம்ப, ரெங்கராஜ் துரத்திப்போய் ஆசனத்தில் தாவி ஏறி, வீதியைப் பெருமையாக ஒரு பார்வை பார்த்துவிட்டு, ஸ்டியரிங்கைப் பிடிக்க இரண்டு கையையும் நீட்டினார்.

காற்றைத்தான் பிடித்தார். வண்டி வீதித் திருப்பத்தில் திரும்பாமல் மாடு வைத்துப் பால் விற்கும் வீரமலையின் வைக்கோற்போருக்குள் புகுந்து நின்றது.

காலைப் பிடித்து வெளியே இழுத்தோம். தலையெல்லாம் வைக்கோல். “ஸ்டியரிங் இல்லாமலேயே எவ்வளவு நேராப் போச்சு, கவனிச்சீங்களா?” என்றார்.

வீட்டுக்குள் தையல் மிஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. அமிர்தம் தலையை நிமிர்த்தவில்லை. “சத்திரம் பஸ் ஸ்டாண்டுல சாயங்காலம் மண்ணச்சநல்லூர் பஸ் எப்பன்னு கேட்டுட்டு வாங்க” என்றாள்.

சிரிக்கிறீர்களா? தாராளமாகச் சிரியுங்கள். முடித்ததும் உங்கள் சட்டைப்பையை ஒருதரம் தொட்டுப் பாருங்கள். பேனா இருந்தால் சரி. திருப்புளி இருந்தால், உங்கள் வீட்டிலும் எல்லாரும் எதையோ பார்த்துவிட்டுச் சொல்லாமல் இருக்கிறார்கள்.