மூதூர் படகுக்குத் தாழ்ந்த கொடி

பெண்சாதியோடு கொடியில் கதைத்த ஒரே மனிதர் இந்த உலகத்தில் எங்கள் கொடிக் கப்டன்தான். எந்தக் கோயில் வாசலிலும் கற்பூரம் கொளுத்திச் சத்தியம் செய்ய நான் தயார். இல்லை, வேறொருவரும் இருக்கிறார் என்று யாராவது வாதாட வந்தால், அந்த ஆளின் மனைவியையும் கூட்டி வரட்டும். அவவிடம் ஆறுதல் சொல்ல எனக்குக் கொஞ்சம் இருக்கிறது.

கப்டன் என்று ஊர் கூப்பிட்டதே தவிர, அவர் எந்தக் கப்பலுக்கும் கப்டன் இல்லை. சரக்குக் கப்பல்களில் குசினிக்காரர். துறைமுகத்துக்குத் துறைமுகம் கரையிறங்கி ஊர் பார்க்க மற்றவர்கள் ஓட, இவர் வெங்காயம் உரித்துக்கொண்டே குசினியின் வட்ட ஜன்னலால் பக்கத்துக் கப்பல்களின் கொடிகளைப் பார்த்திருக்கிறார். ஓய்வுபெற்றுத் திருகோணமலைக்கு வந்தவர், உட்துறைமுக வீதியில் படகுத்துறையைப் பார்த்திருந்த தன் வீட்டு முற்றத்தில் நீளமான கமுகந்தடி ஒன்றை நட்டு, கயிறும் கப்பியும் பூட்டினார். வீதியின் நிம்மதி அன்றோடு போய்விட்டது.

நான் அப்போது அரசாங்க அலுவலகமான கச்சேரியில் எழுதுவினைஞர். கப்டன் வீட்டுக்குப் பக்கத்து வீட்டில் மேலறை வாடகைக்கு எடுத்திருந்தேன். காலையில் கண்ணைத் திறந்தால் முகத்துக்கு நேரே ஏதாவது ஒரு கொடி அடித்துக்கொண்டிருக்கும். நீலத்தின் நடுவே வெள்ளைச் சதுரம் என்றால், கப்பல் புறப்படப் போகிறது, ஆட்கள் எல்லாரும் வந்து ஏறவேண்டும் என்று பொருள். எங்கள் வீதியில் அதற்கு, கப்டன் மீன் சந்தைக்குப் போகிறார், பையைத் தேடிக் கொடுங்கள் என்று பொருள். தனிச் சிவப்பு, வெடிக்கக்கூடிய சாமான் ஏற்றியிருக்கும் கப்பலின் கொடி. அவருடைய மனைவி பவளம் அக்கா கோபமாக இருக்கும் நாட்களில் அது ஏறும். அது ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் சீட்டுக் காசு கேட்டு வருபவர்கள் வாசல் படலையைத் திறப்பார்கள்.

கொரோனா காலத்தில் ஒருநாள் மஞ்சள் கொடியை ஏற்றிவிட்டார். மஞ்சள் என்றால் கப்பலில் தொற்றுநோய் என்று அர்த்தமாம். எதிர்வீட்டில் இருந்த பழைய துறைமுகத் தொழிலாளிக்கு அது தெரிந்திருக்கிறது. அரை மணித்தியாலத்தில் சுகாதாரப் பரிசோதகர் ஆட்களோடு வந்து இறங்கினார். கப்டன் படலையில் நின்று, அது அந்தக் காலத்து வழக்கம், இப்போது மஞ்சள் என்றால் எல்லாரும் சுகம், உள்ளே வர அனுமதி தாருங்கள் என்று பொருள் என விளக்கினார். பரிசோதகர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, இரண்டு கிழமைக்கு வெளியே வரக்கூடாது என்று கதவில் தாள் ஒட்டிவிட்டுப் போனார். பவளம் அக்கா அந்த இரண்டு கிழமையும் அவரோடு ஒரு சொல் பேசவில்லை.

ஆனால் அவ வீட்டை விட்டுப் போனது வேறு விஷயத்துக்கு. பழைய சிவப்புக் கொடி வெயிலில் வெளிறிப்போக, கப்டன் புதிதாக ஒன்று தைக்க நினைத்திருக்கிறார். அலுமாரியின் அடித்தட்டில் நல்ல சிவப்புத் துணி மடித்து வைத்திருந்தது. கத்தரிக்கோலை எடுத்தார். அது பவளம் அக்காவின் கூறைச்சேலை. நான் வேலையால் வந்தபோது கொடி ஏறியிருந்தது, கரையில் சரிகை பளபளத்தது. அக்கா கையில் ஒரு பையோடு படகுத்துறைக்கு நடந்துகொண்டிருந்தா. பாலங்கள் வந்தபின் எல்லாரும் மூதூருக்கு பஸ்ஸில்தான் போவார்கள். அக்காவுக்கு பஸ்ஸில் குமட்டிச் சத்தி வரும் என்பதால், நாலைந்து பேரோடு ஓடிக்கொண்டிருந்த பின்னேரப் படகில் ஏறி, மூதூரை அடுத்த கட்டைபறிச்சானில் இருந்த தங்கச்சி வீட்டுக்குப் போய்விட்டா.

அன்றைக்குக் கப்டன் சிவப்பை இறக்கிவிட்டுப் பச்சைக் கொடி ஒன்றை ஏற்றினார். ஒவ்வொரு கப்பல் கம்பனிக்கும் சொந்தமாக ஒரு கொடி இருப்பதுபோல், தங்கள் குடும்பத்துக்கென்று அவர் தைத்த கொடி அது. படகு துறையை விட்டுக் கிளம்பும்போது அதைப் பாதிக்கு இறக்கினார். பிறகு ஏற்றவில்லை. அடுத்த நாளும் அது அங்கேயே நின்றது. சமையலில் மன்னனான மனிதர் பேக்கரிப் பாணைத் தேத்தண்ணீரில் தோய்த்துத் தின்றுகொண்டு அதன் கீழே கதிரை போட்டிருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை. போய்க் கேட்டேன்.

"அந்தக் காலத்தில பாய்க்கப்பல், தம்பி. எதிர்ல ஒரு பெரிய கப்பல் வந்தா, சின்னக் கப்பல் பாயை இறக்கும். நான் ஓடவும் மாட்டன், உன்னோட சண்டைக்கும் வரமாட்டன் எண்டு அர்த்தம். இப்ப பாய் இல்லை. அதால கொடியை இறக்கிறது."

ஏன் திரும்ப ஏற்றவில்லை என்று கேட்டேன்.

"அங்காலப் பக்கமும் தன்ர கொடியை இறக்கி ஏத்திப் பதில் தரவேணும். தராமல் ஏத்த ஏலாது."

அக்காவை ஃபோனில் கூப்பிட்டுச் சொன்னால் என்ன என்றேன். ஃபோனை எடுக்கிறா இல்லை என்றார். எடுத்தாலும் தனக்கு வாயால் சொல்ல வராது என்றும் சொன்னார். எனக்கு அந்த மனிதரைப் பார்க்க மிகவும் பாவமாக இருந்தது.

கொடி அப்படியே நிற்க, ஒருநாள் விடியப்புறம் கப்டன் வீட்டைப் பூட்டிக்கொண்டு சாம்பல்தீவுக்கு மீன் வாங்கச் சைக்கிளில் போனார். அன்று நான் கச்சேரிக்குப் போன பிறகு ஊர் தன் வேலையைக் காட்டியது. அரைக்கம்பத்தில் கொடி, பூட்டிய கதவு, ஆளைக் காணவில்லை. ஆஸ்பத்திரியில் முடிந்துவிட்டதாம் என்று ஒருவர் சொல்ல, இரவே முடிந்துவிட்டதாம் என்று இன்னொருவர் திருத்தினார். மரண உதவிச் சங்கத்தார் வீதி நெடுகச் செத்தவீட்டு வெள்ளைக் கொடி கட்டினார்கள். முற்றத்தில் கூடாரமும் கதிரைகளும் வந்தன. யாரோ கட்டைபறிச்சானுக்குச் செய்தி அனுப்பினார்கள்.

செய்தி கேட்டு நான் ஓடி வந்தபோது, கப்டன் மீன் பையோடு தன் செத்தவீட்டு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். வெள்ளைக் கொடியைக் கண்டு, அயல்வீட்டுச் சாவுக்குத் தன் முற்றத்தில் இடம் எடுத்திருக்கிறார்கள் என்று நினைத்து, தொப்பியைக் கழற்றிவிட்டு வந்து இருந்திருக்கிறார். பக்கத்தில் இருந்த சங்கத் தலைவரிடம் தாழ்ந்த குரலில், "ஆர் போனது?" என்று கேட்டார். தலைவர் பாவம், நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். அவருக்குத்தான் சோடா உடைத்துக் கொடுக்க வேண்டியதாயிற்று.

அந்த நேரம் மூதூர்ப் படகு வந்தது. பவளம் அக்கா தலைமயிர் அவிழ, ஊரார் நானா என்று கூப்பிடும் படகோட்டி ஒரு கையைப் பிடித்து வர, "என்ர ராசா" என்று குழறிக்கொண்டு வந்தா. படலையில் கால் வைத்தவ, ராசா மீன் பையோடு எழும்பி நிற்பதைக் கண்டா. குழறல் நின்றது. பக்கத்தில் இருந்த கதிரையில் தொப்பென்று இருந்தா.

"ஏன் கொடி அரைவாசியில நிக்குது?" என்று என்னைப் பார்த்துக் கேட்டா.

அது உங்களுக்காக இறக்கினது, நீங்கள் பதில் தரும்வரை ஏற்றமாட்டாராம் என்று, பாய்க்கப்பல் கதையையும் சேர்த்துச் சொன்னேன்.

"நான் போன நாளில இருந்தோ?"

"ஓம் அக்கா."

அக்கா எழும்பிப் போய்க் கப்டனின் தோளில் கிடந்த துவாயை உருவி, தலைக்கு மேலே தூக்கி, இறக்கி, திரும்பவும் தூக்கினா. ஆட்கள் முன்னால் வெட்கத்தில் அவசரமாகச் செய்துவிட்டா. கப்டன் தொண்டையைச் செருமினார்.

"இறக்கினா, கொஞ்சம் நிண்டு ஏத்தவேணும்," என்றார்.

அக்கா அவரை ஒரு பார்வை பார்த்தா. பிறகு நின்று நிதானமாக இன்னொரு தரம் செய்தா. கப்டன் கயிற்றைப் பிடித்துக் கொடியை உச்சிக்கு ஏற்றினார். கண்ணீர் ஓடியதைத் துடைக்கக் கை ஓய்வில்லை. கூடாரமும் கதிரையும் சும்மா போகக்கூடாது என்று அன்று வந்த சனம் எல்லாருக்கும் அவரே மீன்குழம்பு வைத்தார். என் வாழ்க்கையில் அதைவிட நல்ல செத்தவீட்டுக்கு நான் போனதில்லை.

எனக்கு இடமாற்றம் கிடைத்துக் கொழும்புக்கு வந்து சில வருஷம். போன மாதம் விடியவே பவளம் அக்கா ஃபோன் எடுத்தா. கப்டன் இந்தமுறை உண்மையாகவே போய்விட்டார், நித்திரையில். அழுதுகொண்டே விவரம் சொன்னா. கடைசியில், கொடியை அரைக்கம்பத்தில் விடச் சொல்லட்டுமா என்று கேட்டேன். அதுதானே முறை.

"சங்கத்து ஆக்களும் அதைத்தான் சொன்னவை, தம்பி. நான் விடேல்லை. உச்சியில ஏத்திக் கட்டிப்போட்டன். பாதியில நிண்டா, நான் இன்னும் பதில் குடுக்கேல்லை எண்டு அந்த மனிசன் பாத்துக்கொண்டெல்லோ நிக்கும்."

அடுத்த பஸ்ஸைப் பிடித்துத் திருகோணமலைக்குப் போனேன். வழி முழுக்க அழுதேன்.