கேசட்டை ஊதும் அண்ணன்

ஓடாத பொருள் ஒன்று எங்கே இருந்தாலும், அதை ஓட வைக்கக் கூப்பிடாமலே வந்து நிற்கும் மனிதர் ஒருவர் பக்கத்திலேயே இருப்பார். அவருக்கு நோய் தெரியாது. மருந்து மட்டும் தெரியும். எண்பத்து நாலில், புக்கிட் மேராவில், அவருக்குப் பெர்னார்ட் அண்ணன் என்று பெயர். பகலில் துறைமுகத்தில் கணக்கெழுதும் கிராணி. மாலையானால் அடுக்குமாடி புளோக் முழுவதற்கும் டிவி கேம் வைத்தியர்.

அந்தச் சனிக்கிழமை ஐந்தாம் மாடி ஆயிஷா வீட்டில் கேம் கிளம்பவில்லை. விளையாடுவது பிள்ளைகள் என்றா நினைத்தீர்கள்? விண்கலம் சுடுவதில் ஆயிஷாவுக்கும் நாலாம் மாடி ரோசம்மாவுக்கும் ஆறு மாதப் பகை. போன மூன்று வாரமும் ரோசம்மாவே ஜெயித்தாள். மறுநாள் அவள் வீடு மாறி, ஊரின் மறுகோடியிலிருக்கும் உட்லண்ட்ஸுக்குப் போகிறாள். ஆயிஷா பழி தீர்க்க மிச்சமிருந்தது இந்த ஒரு மாலைதான், அதுவும் ரோசம்மா ஆறு மணிப் பூசைக்குக் கிளம்பும்வரை.

கேம் கேசட் அதன் பெட்டியில் சரியாக உட்காரவில்லை, விஷயம் அவ்வளவுதான். ஆனால் பெர்னார்ட் அண்ணன் வந்ததும், டிவிக்குப் பின்னால் தொங்கிய சின்னப் பெட்டியின் சுவிட்சை ‘கேம்’ பக்கத்திலிருந்து ‘டிவி’ பக்கம் தள்ளினார். முதலில் டிவிக்கு உயிர் இருக்கிறதா என்று பார்ப்பது அவர் சாஸ்திரம். திரையில் ஓர் அம்மாள் மீன் பொரித்தார். திருப்தி. சுவிட்சைத் திரும்பத் தள்ள மறந்தார். பிறகு கேசட்டைப் பிடுங்கி ஊதினார், பனியனில் துடைத்தார், செருகி அழுத்தினார், ஏரியலைச் சன்னல் பக்கம் திருப்பினார், டிவியின் தலையில் தட்டினார், மறுபடி பிடுங்கி இந்தத் தடவை இடப்பக்கமிருந்து ஊதினார். அம்மாள் மீனைத் திருப்பிப் போட்டார்.

“கேமுக்குள்ள மீனு பூந்துடுச்சு. மோசமான கேஸ் லா,” என்றார் அண்ணன்.

ஐந்தே முக்காலுக்கு ரோசம்மா செபமாலையை எடுத்துக்கொண்டு எழுந்தாள்; தோற்காத பெருமையோடும், மீனுக்கு மஞ்சள் எவ்வளவு என்ற அறிவோடும் போனாள். ஆயிஷாவுக்குக் கண் கலங்கிவிட்டது.

“கடைசிவரைக்கும் நான் தோத்தவதானாண்ணே?”

அப்போதுதான் அவர் கண்ணில் சுவிட்ச் பட்டது. தள்ளியது யாரென்றும் நினைவுக்கு வந்தது. உண்மையைச் சொல்லிவிடலாமா? சொல்லியிருப்பார், அவள் அவரையே நம்பிப் பார்த்துக்கொண்டிருக்காவிட்டால். கண்ணை மூடிக் கேசட்டை நீளமாக ஊதிச் செருகினார். இன்னொரு கை சத்தமில்லாமல் பின்னால் போய் வந்தது. மீன் மறைந்து விண்கலம் வந்தது. ஆயிஷா சன்னலுக்கு ஓடினாள். கீழே ரோசம்மாவின் பஸ் கிளம்பிவிட்டது.

ஆயிஷா அவருக்குத் தேத்தண்ணி கொடுத்தாள். முதல் மடக்கில் அவருக்கு வெட்கமாக இருந்தது. மூன்றாம் மடக்கில், ஊதியதால்தான் சரியாயிற்று என்று அவரே நம்பிவிட்டார்.

நீங்கள் சிரிக்கிறீர்கள். மீன் வந்த இடத்திலேயே, “சுவிட்சைப் பாருய்யா” என்று சொல்லிவிட்டீர்கள், இல்லையா? நல்லது. உங்கள் எதிர்வீட்டில் இப்போது எது ஓடவில்லை? நீங்கள் எத்தனை மணிக்குப் போவதாக இருக்கிறீர்கள்?