மச்சானுக்கு ஏற்றிக் கொடுத்த கேம்

வட்டம் 21,
நெய்வேலி.
17.2.2013, ஞாயிறு.

அன்பும் மரியாதையும் நிறைந்த மச்சான் தங்கராசு அவர்களுக்கு, கொளஞ்சிநாதன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கு நானும் வீட்டில் இசக்கியம்மாளும் நலம். சென்னையில் வேலை பார்க்கும் மகள் தமிழ்நிலாவும் நலம். அங்கு உங்கள் நலமும் என் தங்கை மாணிக்கம்மாள் நலமும் மாடு கன்றுகளின் நலமும் அறிய ஆவல். போன் செய்தால் நீங்கள் எடுப்பதில்லை. நேரில் வந்தால் தோட்டத்துப் பக்கமாக வெளியே போய்விடுகிறீர்கள். அதனால்தான் தபாலில் வருகிறேன். எழுதுவது வேறு யாருமில்லை, உங்கள் கல்யாணம் ஆன வருஷம் மோட்டார் கொட்டாய்க்கு நாம் இரண்டு பேரும் தளம் போட்டபோது ஈர சிமென்ட்டில் காலை வைத்துவிட்டு, மூன்று வருஷம் முன்பு வரைக்கும் உங்களிடம் அதற்காகப் பேச்சு வாங்கிக்கொண்டிருந்த அதே ஆள்தான்.

விஷயம் அந்த கேம் பெட்டியைப் பற்றியது. நடந்தது எல்லாம் தவறுதலாக நடந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு கிழிப்பதென்றால் கிழியுங்கள். பொங்கல் முடிந்து ஒரு வாரம் இருக்கும், மாணிக்கம் தலையில் ஒரு முந்திரிக்கொட்டைச் சாக்குடன் குவார்ட்டர்ஸ் வாசலில் வந்து நின்றாள். கொட்டைதான் வந்திருக்கிறது என்று இசக்கி முறத்தை எடுத்துக்கொண்டு ஓடினாள். சாக்குக்குள் இருந்தது, தமிழ்நிலா காலேஜில் படித்தபோது வாங்கி, வேலைக்குப் போகும்போது அத்தை வீட்டுக்குக் கொடுத்துவிட்டுப் போன பழைய பிளே ஸ்டேஷன். "அண்ணே, நெலம் சொரங்கத்துக்குப் போனதுலேர்ந்து அவுரு இத்த டிவியில மாட்டிகினு ஒரே காரை ஓட்டிகினு உக்காந்திருக்காரு. இருக்கறது ஒரே டிஸ்க்கு. நேத்து திடீர்னு, ஏன்டி, இதுல ஏர் ஓட்டறது எதுனா இருக்காதான்னு கேட்டாரு. மூணு வருஷத்துல அவுரா வாயத் தொறந்து வேணும்னு கேட்டது இது ஒண்ணுதாண்ணே. எப்பிடியாவது ஏத்திக் குடு. நீ ஏத்துனன்னு நான் சொல்லமாட்டேன்" என்றாள். அவள் கண்ணைப் பார்த்த பிறகு எனக்கு இதெல்லாம் தெரியாது என்று எப்படிச் சொல்வது, நீங்களே சொல்லுங்கள்.

நீங்கள் என்னோடு பேசாத அந்த மூன்று வருஷத்துக்குக் காரணம் எனக்குத் தெரியும். பொங்கல் வரிசைத் தட்டோடு உங்கள் வாசலில் நின்றபோது, "எங்க கொல்லைய வெட்டுன மிசின ஓட்டுனது யாரு? நீதான?" என்று கேட்டீர்கள். எந்த ஷிஃப்டில் வெட்டியது, யார் டியூட்டி என்று எனக்கு ஞாபகம் இல்லை என்றேன். இன்றைக்கும் அதையேதான் சொல்கிறேன். மூன்று ஷிஃப்ட், எட்டு மணி நேரத்துக்கு ஒரு ஆள் ஏறுகிறோம் இறங்குகிறோம், மண்ணை வெட்டுகிற அந்த வாளிச் சக்கரம் பாட்டுக்குச் சுற்றிக்கொண்டே இருக்கிறது, மேலே இருக்கிறவனுக்கு எல்லா மண்ணும் ஒரே மண்தான். நீங்கள் தட்டை வாங்காமல் உள்ளே போய்விட்டீர்கள். அந்த வருஷத்துக் கரும்பை நானே கடித்துத் தீர்த்தேன்.

சரி, கதைக்கு வருகிறேன். பண்ருட்டி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே சமியுல்லா பாய் என்று ஒருவர் மொபைல் கடை வைத்திருக்கிறார், சாக்கோடு அவரிடம் போனேன். "இது பழைய மாடல் சார், டிஸ்க்கு இப்ப எவனும் விக்கிறதில்ல. ஆனா வெளிநாட்டுல சில பேரு பொழுதுபோக்குக்கு இதுக்குன்னே கேம் செஞ்சி நெட்டுல சும்மா வுடறாங்க. எடுத்துக்கலாம், தப்பில்ல" என்றார். சும்மா என்றால் எதற்கு என்று கேட்டேன். "சும்மான்னா சும்மாதான் சார்" என்றார். எனக்கு அது பிடிபடவில்லை மச்சான். உங்கள் வீட்டு டிவியும் மிக்ஸியும் ஃபேனும்கூட சும்மா வந்தவைதான், ஆனால் அதற்கும் வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டீர்கள். இந்த வெளிநாட்டுக்காரன் எடுத்துக்கொள்கிறவன் பேரைக்கூடக் கேட்கவில்லை. நம் பக்கத்தில் நிலம் கொடுத்தவன் பேர் எடுத்தவன் பேர் எல்லாம் பட்டா நம்பரோடு எழுதியிருந்தும் இரண்டு பேரும் பேசிக்கொள்வதில்லை. இதைப் பாயிடம் சொல்லவில்லை, உங்களிடம் சொல்கிறேன்.

அந்தப் பெட்டிக்கு நெருப்புப்பெட்டி அளவில் ஒரு மெமரி கார்டு உண்டு. அதில் ஒரு சின்ன புரோகிராமை ஏற்றிவிட்டால், டிஸ்க் இல்லாமல் பென் டிரைவிலிருந்தே கேம் ஓடுமாம். புரோகிராம் இருக்கிற கார்டு ஒன்றையும் புதுக் கார்டு ஒன்றையும் பாய் கொடுத்தார். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு ஏற்ற வேண்டும், பத்து நிமிஷம் ஆகும், நடுவில் கரண்ட் போனால் கார்டு செத்துவிடும். அவர் கடையில் கரண்ட் எப்போது வரும் எப்போது போகும் என்று அவருக்கே தெரியாது. உங்கள் ஊர் நிலைமை நான் சொல்ல வேண்டியதில்லை. "ஒங்க டவுன்ஷிப்புலதான் சார் கரண்டு போவாது, நீங்களே ஏத்திக்குங்க" என்று சொல்லிச் சிரித்தார். அந்தச் சிரிப்பைக் கவனிக்காத மாதிரி சாக்கைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினேன்.

இனிமேல்தான் என் வீட்டு லட்சணம். முப்பத்தோரு வருஷம் சர்வீஸ் போட்டவன், ஒரு வேலையை முறையாகச் செய்ய வேண்டாமா? சுரங்கத்தில் ரிப்பேர் வேலை நடக்கிறபோது சுவிட்சில் சிவப்பு அட்டை தொங்கவிடுவோம், அதில் பேர், தேதி, மணி, கையெழுத்து இருக்கும், அட்டை போட்டவன் வந்து எடுக்கிற வரைக்கும் எவனும் சுவிட்சைத் தொடக் கூடாது. வீட்டில் ஒரு பழைய அட்டை கிடந்தது. கொளஞ்சிநாதன், காலை 10.40 என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, பெட்டியின் வயர் சொருகியிருந்த சுவிட்சில் தொங்கவிட்டேன். கார்டில் புரோகிராம் ஏற ஆரம்பித்தது. அந்த நேரம் பார்த்து தமிழ்நிலா போனில் கூப்பிட்டு, "அப்பா, ஏறும்போது மட்டும் ஆஃப் பண்ணிடாதீங்க" என்றாள். "யாரிடம் சொல்கிறாய், அட்டையே போட்டிருக்கிறேன்" என்று வாசலில் நின்று பெருமையடித்துக்கொண்டிருக்கிறேன், உள்ளே சமையல்கட்டிலிருந்து வந்த இசக்கி சிவப்பு அட்டையைப் பார்த்தாள், சுவிட்ச் போட்டபடி இருப்பதைப் பார்த்தாள், ஐயோ என்று அலறிக்கொண்டு பாய்ந்து ஆஃப் செய்துவிட்டாள். கார்டு போயே போச்சு. நான் கத்தியதற்கு அவள் திருநெல்வேலிப் பேச்சில் திருப்பிக் கத்தினாள். "நீங்கதான சொன்னிய? செவப்பு அட்ட தொங்குனா லைன் ஆஃப்ல இருக்கணும், இல்லாட்டி ஆளு செத்துருவாம்னு முப்பது வருசமா நீங்கதான சொன்னிய? ஒங்க உசுரக் காப்பாத்துனதுக்கு ஏசுதிய!" அவள் சொன்னதில் ஒரு எழுத்து தப்பில்லை மச்சான். அந்த அட்டை நிறுத்தி வைத்த மிஷினுக்குப் போடுவது, ஓடுகிற மிஷினுக்குப் போடுவதில்லை. ஓடுகிறதை நிறுத்தாதே என்று சொல்ல எங்களிடம் அட்டையே கிடையாது.

மறுபடி பண்ருட்டி, மறுபடி ஒரு கார்டு. இந்தத் தடவை இசக்கியே சுவிட்சுக்குக் காவலாகக் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள், கார்டில் ஏறிவிட்டது. பாய் கொடுத்த பென் டிரைவில் முப்பது கேம். எல்லாப் பேரும் இங்கிலீஷில், பாதிப் பேர் வெறும் நம்பர். ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். ஒன்றில் ராக்கெட், ஒன்றில் பாம்பு, ஒன்றில் கல் விழுந்துகொண்டே இருந்தது. பதினேழாவதில் பச்சைப் பசேல் என்று ஒரு வயல், ஓரத்தில் ஒரு கொட்டாய், நடுவில் ஒரு வண்டி. ஓட்டினேன், மண்ணைப் புரட்டிக்கொண்டு போயிற்று. என் கண்ணுக்கு அது உழவு. முப்பத்தோரு வருஷமாக மண்ணைப் புரட்டுகிறவன் கண்ணுக்கு வேறு என்னவாகத் தெரியும்? கை தானாகப் பழகிவிட்டது, அப்போதாவது எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். இசக்கிகூட, "நல்லாத்தான் உழுதிய" என்றாள். முதல் ஸ்டேஜோடு நிறுத்திச் சாக்கில் கட்டி மாணிக்கத்திடம் கொடுத்துவிட்டேன், அவசரத்தில் அந்தச் சிவப்பு அட்டையையும் வயரோடு சுருட்டி உள்ளே வைத்திருக்கிறேன்.

பிறகு உங்கள் வீட்டில் நடந்ததை மாணிக்கம் சொல்லித்தான் தெரியும். முதல் நாள் தோளில் கிடந்த துண்டை எடுத்துத் தலையில் கட்டிக்கொண்டு உட்கார்ந்தீர்களாம். கரண்ட் போய்ப் போய் வந்த நேரத்திலெல்லாம் ஓட்டினீர்களாம். ராத்திரி இன்னும் கொஞ்சம் சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டீர்களாம். அதை மட்டும் அவள் இரண்டு தடவை சொன்னாள். இரண்டாம் நாள் இரண்டாவது ஸ்டேஜில் அந்த வண்டி கீழே இறங்கியிருக்கிறது, மூன்றாவது ஸ்டேஜில் கறுப்பாக நிலக்கரி தெரிந்திருக்கிறது, ஓரத்தில் இருந்த கொட்டாய் சரிந்து குழியில் விழுந்ததும் டிவி முழுக்க நட்சத்திரம் கொட்டிப் பாராட்டியிருக்கிறது. நீங்கள் வயரை ஒழுங்காகச் சுற்றினீர்கள், சாக்குக்குள் வைக்கும்போது என் கையெழுத்துப் போட்ட அட்டையைப் பார்த்தீர்கள். "ஒங்க அண்ணனுக்கு ஒரு வாட்டி வெட்டுனது பத்தலியாம், இப்ப நம்ப வூட்டுக்குள்ளயே வந்து வெட்றாரு" என்று சொல்லிவிட்டு வெளியே போனீர்கள். மாணிக்கம் சாக்கை இங்கே இறக்கிவைத்துவிட்டுத் தண்ணீர்கூடக் குடிக்காமல் பஸ் ஸ்டாப்புக்கு நடந்துவிட்டாள்.

உங்களைக் கேலி செய்ய நினைத்திருந்தால் என் கை அழுகிப்போகட்டும். மனசு கேட்கவில்லை. தமிழ்நிலாவிடம் சொன்னேன், அவள் தேடி நிஜமாகவே வெள்ளாமை வைக்கிற கேம் ஒன்றைக் கண்டுபிடித்துப் பாய்க்கு அனுப்பினாள், அதுவும் எவனோ சும்மா கொடுத்ததுதான். இந்த முறை ஒரு ஸ்டேஜோடு நிறுத்தவில்லை. ஒரு வாரம் லீவு போட்டு விதைப்பிலிருந்து அறுப்பு வரை நானே செய்து பார்த்தேன். முள்ளங்கி மாதிரி ஏதோ ஒரு வெளிநாட்டுக் கிழங்கு. முதல் போகம் தண்ணீர் காட்ட மறந்து காய்ந்துவிட்டது. இரண்டாம் போகம் தண்ணீர் அதிகமாகி அழுகிவிட்டது. நம் இரண்டு பேருடைய அப்பாவும் அடுத்தவன் கொல்லையில் கூலிக்குக் களை எடுத்தவர்கள்தானே மச்சான். அதில் நீங்கள் ரத்தம் சுண்டச் சேர்த்து இரண்டு ஏக்கர் வாங்கினீர்கள். நான் பர்மனென்ட் ஆனேன். சொந்தமாக ஒரு விதை போட்டு அது முளைக்குமா என்று காத்திருந்தது இந்த டிவியில்தான் எனக்கு முதல் தடவை. மூன்றாம் போகம் முளை விட்டபோது இசக்கியைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவ்வளவு கஷ்டப்பட்டு வந்ததை ஒரு பட்டனை அமுக்கி அழித்து, நிலத்தைப் பழையபடி உங்களுக்காக வைத்தேன். ஒரே பட்டன். நிலம் அப்படியே திரும்பி வந்துவிட்டது. எனக்கு வெட்கமாக இருந்தது.

வரும் வெள்ளிக்கிழமை மாணிக்கத்தை வரச் சொல்லியிருக்கிறேன், பெட்டியைக் கொடுத்தனுப்புகிறேன். நிலக்கரி தோண்டுகிற கேமை அழித்துவிட்டேன், சிவப்பு அட்டை கண்டிப்பாக இருக்காது. நீங்கள் என்னோடு பேச வேண்டியதில்லை, பதில் எழுதவும் வேண்டாம். விளையாடினால் போதும். வெயில் ஏறுகிறது, உடம்பைப் பார்த்துக்கொள்ளவும். இசக்கி உங்கள் இரண்டு பேரையும் கேட்டதாக எழுதச் சொன்னாள். குலதெய்வம் துணை இருக்கட்டும்.

இப்படிக்கு,
என்றும் உங்கள் மச்சான்,
கொளஞ்சிநாதன்

பி.கு.: கவரை ஒட்டியாகிவிட்டது. "எல்லாம் எழுதிட்டியளா?" என்று இசக்கி கேட்டாள். இல்லை. மறுபடி பிரித்து எழுதுகிறேன். மேலே ஞாபகம் இல்லை என்று எழுதியிருக்கிற இடத்தை அடித்துவிடுங்கள். செவ்வாய்க்கிழமை, இரண்டாம் ஷிஃப்ட், மூன்று மணி இருபது நிமிஷம். அன்றைக்கு எனக்கு டியூட்டியே இல்லை. உங்கள் கொல்லையை எவனோ வெட்டுவதற்குப் பதில் நானே வெட்டுகிறேன் என்று கேட்டு ஷிஃப்ட் மாற்றிக்கொண்டு போனேன். அது சரியா தப்பா என்று இன்னும் எனக்குத் தெரியவில்லை. உங்கள் மோட்டார் கொட்டாயை முன்பே இடித்துவிட்டார்கள், தளம் மட்டும் கிடந்தது. மிஷினை நிறுத்தி இறங்கிப் போனேன். என் கால் தடம் அப்படியே இருந்தது மச்சான், அஞ்சு விரலும். நிறுத்தியதற்கு மெமோ கொடுத்தார்கள், வாங்கிக்கொண்டேன். கான்ட்ராக்ட் ஆட்கள் நாலு பேரைக் கெஞ்சி அந்தத் துண்டை மட்டும் பெயர்த்துக் குவார்ட்டர்ஸுக்குக் கொண்டுவந்து பின்னால் போட்டேன், மூன்று வருஷமாக இசக்கி அதில்தான் துணி துவைக்கிறாள். அது உங்கள் கல். பெட்டியை மாணிக்கத்திடம் கொடுத்தனுப்பலாம், இதை அனுப்ப முடியாது. தனியாகத் தூக்கிப் பார்த்தேன், நகரவில்லை. நீங்க வந்து ஒரு பக்கம் புடிங்க.