கடைசிக் காட்சிக்கு நான் கொடுத்த குரல்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு மைத்துனன் எழுதிக்கொண்டது. நான் இங்கே கொழுகொழுவென்று சுகம். நீங்களும் தங்கச்சியும் அங்கே அப்படியே இருக்க வேண்டும்.

நடந்தது அத்தனையும் நான் அன்றே சொன்னதுதான். உங்கள் மகன் தொட்டிலில் கிலுகிலுப்பையை ஆட்டியபோதே, "இவன் சினிமாவுக்கு இசையமைப்பான்" என்றேன். நீங்கள்தான், "படத்துக்குப் பின்னாடி டொய்ங் டொய்ங்னு வாசிக்கறதெல்லாம் ஒரு வேலையா?" என்று கேட்டு, எட்டு மாதமாக அவனோடு பேச்சையே நிறுத்திவிட்டீர்கள். குறை சொல்லவில்லை. உங்களுக்கும் இசைக்கும் ஏணி வைத்தாலும் எட்டாது. அந்த ஞானம் அவனுக்கு என் பக்கத்திலிருந்து வந்தது.

போன மாதம் ஒரு புதன்கிழமை அவன் படத்தின் ஒலிப்பதிவுக்குப் போயிருந்தேன். கடைசிக் காட்சி மட்டும்தான் பாக்கி. ஒரு அப்பா மகனை வேலைக்கு அனுப்பிவைக்கிறார், ஒரு நிமிடம் நாற்பது வினாடி, வசனமே கிடையாது. திரையில் படம் ஓட, அதைப் பார்த்துக்கொண்டே முப்பது வயலின் வாசிக்கிறது (எண்ணியபோது பன்னிரண்டு இருந்தது). முதல் தடவை என் நாற்காலி கிரீச்சிட்டது. இரண்டாம் தடவை அருமையாக வந்ததால் கை தட்டிவிட்டேன்; முடிய இன்னும் பத்து வினாடி இருந்ததாம். கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து ஒலிப்பதிவாளர், "அந்த மாமாவை யாராவது கொஞ்சம் பிடிச்சுக்குங்கப்பா" என்றார். மரியாதை தெரிந்த மனுஷன். மூன்றாம் தடவை சுத்தமாக வந்தது. டைரக்டர் தலையைச் சொறிந்தார். "தம்பி, அழகாத்தான் இருக்கு. ஆனா அந்த அப்பா மனசுல என்ன இருக்குன்னு உன் வயலின் சொல்லல. நாலு மணிக்குள்ள வரலன்னா நான் வேற ஆளைப் பாத்துக்கறேன்." அப்போதே மணி மூன்று. முதல் படம், மாப்பிள்ளை! பிள்ளை முகம் பிழிந்துபோட்ட துணியாகிவிட்டது.

"கவலைப்படாதடா, நான் இருக்கேன்ல?"

"அதுதான் மாமா கவலையே."

அப்புறம்தான் அதிசயம். திரையில் அந்த அப்பா சட்டையை மடிக்கிறார், நான் என்னையறியாமல் முனக ஆரம்பித்தேன், வார்த்தை கிடையாது, வெறும் "ம்ம்ம்"தான், நடுநடுவே 'புஸ்'ஸென்று ஒரு சத்தம், அது கலைஞனுடைய மூச்சு, மைக் எல்லாவற்றையும் பிடித்துக்கொண்டது. உங்கள் மகன் துள்ளி எழுந்து, "வயலினெல்லாம் வேணாம், இது மட்டும் போதும்" என்றான். ஓட்டிப் பார்த்தார்கள். டைரக்டர் தொப்பியைக் கழற்றி முகத்தை மூடிக்கொண்டார். "இதுக்குத்தான்யா ஆறு வாரமா அலைஞ்சேன்!" பன்னிரண்டு பேரும் வயலின் வில்லால் தட்டிப் பாராட்டினார்கள், அதாவது முப்பது பேரும்.

வெள்ளிக்கிழமை படம் வருகிறது. டிக்கெட் இரண்டு இதோடு வைத்திருக்கிறேன். தங்கச்சிக்கு என் ஆசி, உங்களுக்கு என் வணக்கம்; இருவரும் நன்றாகக் கேட்கும் காதுகளோடு நெடுநாள் வாழ்க.

பி.கு.: ஒரே ஒரு விவரம் மட்டும் என் கைச்சரக்கு. முனகியது நானில்லை. மூன்று மணிக்கு மேல் என்னை வெளியே பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்கள். மிச்சமெல்லாம் ஒலிப்பதிவாளர் வந்து சொன்னது. ஞாயிற்றுக்கிழமை சட்டைகளுக்கு இஸ்திரி போடும்போது முனகுவீர்களே, உங்களைத் தவிர வீட்டில் எல்லாருக்கும் தெரியும், அதைப் பிள்ளை கிளம்பி வரும் முன் போனில் பதிவுசெய்து வைத்திருக்கிறான்; அதைத்தான் அன்று காட்சியோடு சேர்த்து ஓட்டினான். 'புஸ்' உங்கள் இஸ்திரிப்பெட்டி. படம் முடிந்ததும் எழுந்துவிடாதீர்கள். 'குரல்: அப்பா' என்று வரும். மேலே ஏணி பற்றி எழுதியிருக்கும் வரியைத் தயவுசெய்து அடித்துவிட்டுப் படிக்கவும்.