பனிப்பிரதேசத்தில் உடைந்த பூசணிக்காய்

நான் சர்வதேசத் திரைப்படத் தயாரிப்பாளராக இருந்தவன். மொத்தம் பத்து நாள். பதவிக்காலம் குறைவு என்று யாரும் இளக்காரமாகப் பார்க்க வேண்டாம், அந்தப் பத்து நாளும் நான் நடந்த நடையைப் பார்த்திருக்க வேண்டும்.

2005-இல் புதுச்சேரி பக்கம் குயிலாப்பாளையத்தில் டாக்ஸி ஓட்டிக்கொண்டிருந்தேன். அங்கே கெஸ்ட் ஹவுஸில் தங்கியிருந்த பிரெஞ்சுக்காரர் ஒருவர், பல தேசத்துப் படங்களுக்குப் பணம் போடுகிறவர். முசியே என்றுதான் கூப்பிடுவோம். அவருடைய புதுப் படத்தில் பனிப்பிரதேசம் வருகிறது. மரக்காணம் உப்பளத்தைப் பனியாகக் காட்டிவிடலாம் என்று நினைத்தார். இடம் பிடித்துக் கொடுத்தவன் நான். "இங்கே நீதான் என் தயாரிப்பாளர்" என்று தோளில் தட்டினார். (டிப்ஸுக்குப் பதிலாகச் சொல்லியிருக்கலாம். அப்போது எனக்குத் தோன்றவில்லை.)

உப்பளம் தணிகாசலம் மாமாவுடையது. அவர் மகள் செல்வியைத்தான் நான் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டேன். டாக்ஸி ஓட்டுகிறவனுக்குப் பெண் இல்லை என்று ஏற்கெனவே சொல்லி அனுப்பியிருந்தார். இப்போது தயாரிப்பாளராகப் போய் உட்கார்ந்ததும் காபி வந்தது.

"பத்து நாள் உப்பு வாராம உட்டா பாத்தி முழுக்க வெள்ளையா ஆயிடுமா மாமா?"

"ஆவும். சீசன்ல எவன்பா அப்படி சும்மா போடுவான்? சரி, உனக்காக உடறேன். வெள்ளக்காரன் பாத்துட்டு ஓகே சொன்னா அன்னிக்கே நிச்சயதார்த்தம் பேசலாம். இல்லன்னா இந்தப் பக்கமே வராத."

பத்தாம் நாள் காலை, பாத்தி பளபளவென்று வெளுத்துக் கிடந்தது. ஒரு காலடி இல்லை. எட்டு மணிக்கு முசியே வரவேண்டும். (தயாரிப்பாளர் டாக்ஸி ஓட்டலாமா? அவரை அழைத்துவர நண்பனை அனுப்பிவிட்டேன்.) ஏழு மணிக்குத்தான் எனக்கு உறைத்தது: பூஜையே போடவில்லை. பூஜை போடாமல் எந்த ஊரில் சினிமா எடுக்கிறார்கள்?

பெரிய பூசணிக்காயாக வாங்கிவந்தேன். கிரகப்பிரவேசத்துக்கு ஒரு பாக்கெட் குங்குமம் போதும். இது சர்வதேசப் படம் என்பதால் ஐந்து போட்டேன்.

வரப்பில் நின்ற செல்வி மெதுவாகக் கேட்டாள். "பனியில யாருங்க பூசணிக்காய் உடைப்பாங்க?"

"சினிமா விஷயம், உனக்குப் புரியாது" என்றேன்.

நட்ட நடுப் பாத்திக்குப் போய், மூன்று சுற்று சுற்றி, ஓங்கி உடைத்தேன். ஈர உப்பு குங்குமத்தைக் குடித்தது. மிச்சத்தைக் கடல்காற்று பாத்தி முழுக்கப் பரப்பியது. உள்ளே போட்டிருந்த சில்லறையைப் பொறுக்க, வேலைக்கு வந்த இருபது பேரும் இறங்கி ஓடினார்கள்.

முசியே காரைவிட்டு இறங்கி வெகுநேரம் பார்த்தார். "என் படத்தில் கொலையே கிடையாதே" என்றார். வந்த காரிலேயே திரும்பிப் போனார். (சினிமாவில் பூசணிக்காய் உடைப்பது படப்பிடிப்பின் கடைசி நாளில்தானாம். அந்தக் கணக்கில் நான் செய்தது சரிதான்.)

எனக்கு அழுகை வந்துவிட்டது. படம் போனதற்காக இல்லை, செல்விக்காக.

மாமா கத்தவில்லை. வாருபலகையை என் கையில் கொடுத்தார். "இந்தச் செவப்பு உப்ப எவன் வாங்குவான்? நீயே வாரிக் கொட்டு."

வாரினேன். கை கொப்புளித்து, கொப்புளத்தில் உப்பு ஏறி, ராத்திரி சோற்றைக்கூடப் பிசைய முடியவில்லை. இருந்தும் மறுநாள் போனேன். அதற்கு மறுநாளும் போனேன். பாத்தி வெளுத்த அன்று மாமா என் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தார்.

"டாக்ஸியே ஓட்டுப்பா. பரவால்ல. உங்க வூட்ல பெரியவங்கள வரச் சொல்லு" என்றார்.

போன வருஷம் எங்கள் மகள் ஸ்கூட்டர் வாங்கினாள். பூஜை முடிந்தது, பூசணிக்காய் தயாராக இருந்தது. அப்பன் என்ற உரிமையில் கையை நீட்டினேன். நாற்காலியில் இருந்த மாமா நிதானமாகச் சொன்னார்:

"ஏம்மா செல்வி, புரடியூசர கெட்டியா புடிச்சுக்கோ. வண்டி வெள்ளக் கலரு."