ராணிகளைக் கண்டால் அழும் கல்

வாருங்கள் கண்ணுகளா, இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். காது மந்தமானவர்கள் முன்னால், கொட்டாவி விடுகிறவர்கள் பின்னால். ஒரு கல் அழுத கதை சொல்லப் போகிறேன். கல்லைப் பார்த்து அழுவதா, கல்லைக் கும்பிட்டவர்களைப் பார்த்துச் சிரிப்பதா என்பதைக் கேட்டுவிட்டு நீங்களே முடிவு செய்யுங்கள்.

ஒரு காலத்தில் ராஜாக்கள் ஆண்ட தலைநகரம் அது. இப்போது வௌவால்கள் ஆளுகின்றன. அந்த இடத்தைக் காலையில் போய் மாலையில் திரும்புகிற ஒருநாள் சுற்றுலாவில் பார்க்க, இரண்டு மாதம் முன்பே சீட்டுப் பதிந்தாக வேண்டும். கோட்டையைப் பார்க்கவா இத்தனை அடிதடி? அதை அங்கே மேய்கிற ஆடுகூட நிமிர்ந்து பார்ப்பதில்லை. எல்லாம் தர்பார் மண்டபத்துத் தரையில் கிடந்த ஒரு கல்லுக்காக. போன பிறவியில் அந்த அரண்மனையில் வாழ்ந்த ராஜ உயிர் யாராவது கால் வைத்தால், கல் அழுமாம்.

சொன்னவர் யார்? சுற்றுலா வழிகாட்டி. கையில் மஞ்சள் கொடி, கழுத்தில் மைக்கு, எட்டு ஆள் சாப்பாட்டை ஒரே ஆள் சாப்பிட்ட வயிறு. ஊரே அவரை 'அரண்மனையார்' என்றுதான் கூப்பிட்டது. மூன்று வருஷமாக அவர் கண்டுபிடித்து, விலாசத்தோடு நோட்டில் எழுதிவைத்த ராணிகளை எல்லாம் வரிசையில் நிறுத்தினால், அந்த அரண்மனையில் ராஜாவுக்கு நிற்கக்கூட இடம் இருந்திருக்காது. அந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்க ஒருவருக்கும் நேரமில்லை. எல்லோருக்கும் ராணியாக வேண்டிய அவசரம்.

அன்றைக்கு வந்த பஸ்ஸில் இரண்டு குடும்பங்கள் சேர்ந்து வந்திருந்தன. அடுத்த மாதம் கல்யாணம். அதற்குள் சம்பந்திகள் ஒருவரோடொருவர் பழகிக்கொள்ளட்டும் என்று பெண்தான் ஏற்பாடு செய்திருந்தாள். தரையில் டைல்ஸ் பதிக்கிறவள் அவள். மாப்பிள்ளை பேக்கரிக்காரன். அவன் கடைக்குத் தரை போடப் போனவள், நான்கு நாள் வேலையை ஒன்பது நாள் செய்தாள். அவன் அதைத் தட்டிக் கேட்கவில்லை. பத்தாம் நாள் இரண்டு வீட்டுக்கும் விஷயம் தெரிந்துபோயிற்று.

பெண்ணின் அம்மா தையல்காரம்மா. நாற்காலியில் உட்கார்ந்து உட்கார்ந்து நன்றாகப் பூரித்த உடம்பு. மாப்பிள்ளையின் அம்மா இஸ்திரிக்கடைக்காரி. நாளெல்லாம் நின்று, காற்றடித்தால் கொடித்துணியோடு சேர்ந்து பறக்கிற உடம்பு. காலையில் பஸ் ஏறியதிலிருந்து இருவரும் ஒட்டிக்கொண்டு உட்கார்ந்து ஊர்க்கதை பேசியதைப் பார்த்து டைல்ஸ்காரிக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது.

யானை லாயம் பார்த்தாயிற்று. அந்தப்புரத்துக் குளியல் தொட்டி பார்த்தாயிற்று. மத்தியானம் தர்பார் மண்டபம். அரண்மனையார் மைக்கைத் தட்டினார்.

"சாதாரண ஆளுங்க கால் பட்டா கல்லு பேசாது. ராஜ உயிர் பட்டா ஒரு தடவை அழும். அந்த மகாராஜாவே மறுபிறவி எடுத்து வந்து கால் வெச்சா, மூணு தடவை அழும். இன்னைக்கு வரைக்கும் அவர் வரல. நான் வெறும் சாட்சி. என் கால் அதுல படவே கூடாது."

தையல்காரம்மா கால் வைத்தார். 'ங்ங்ஙீஈ...' என்று கல் அழுதது. ஜனங்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

"மூத்த ராணி," என்றார் அரண்மனையார், தழுதழுத்த குரலில்.

அடுத்து இஸ்திரிக்கடைக்காரி வைத்தார். கல் வாயைத் திறக்கவில்லை. அவர் ஒருமுறை குதித்தும் பார்த்தார். ஊஹூம்.

"கவலைப்படாதீங்கம்மா. சில உயிர் உள்ள போய் ஒளிஞ்சுக்கும். பட்டக் குடத்தை இடுப்புல வெச்சா வெளிய வந்துடும்." பட்டக் குடம் என்பது வாய்வரை மணல் நிரப்பி, சிவப்புத் துணியால் மூடிய பித்தளைக் குடம். அதைத் தொடக் காணிக்கை தனி. இஸ்திரிக்கடைக்காரி குடத்தைச் சுமந்து, முதுகு வில்லாய் வளைய, கல்மேல் ஏறினார். 'ங்ஙீ' என்றது.

"இளைய ராணி!"

அவருடைய வீட்டுக்காரர், ஓய்வுபெற்ற லிஃப்ட் ஆபரேட்டர், அவரைவிட ஒல்லி. குடத்துக்குக் காசு கொடுக்க மாட்டேன் என்று சும்மா ஏறினார். கல் பேசவில்லை. "நீங்க லாயத்துல குதிரை பார்த்தவர்," என்றார் அரண்மனையார். "பரவால்ல. நாப்பது வருஷம் பெட்டியில மேலயும் கீழயுமா போனேன். குதிரைன்னா நேராவாச்சும் போகும்," என்றார் மனுஷர்.

பஸ்ஸில் வந்த மற்றவர்களும் வரிசையாக ஏறி இறங்கியதில் இன்னும் ஏழு பேர் ராணியானார்கள். இதுவரை எல்லாம் வேடிக்கை. அரச குடும்பப் படம் எடுக்கும்போதுதான் வினை வந்தது. மூத்த ராணிக்கு நாற்காலி. இளைய ராணி பின்னால் நின்று விசிற வேண்டும். அதுதான் முறையாம்.

"நான் எதுக்கு விசிறணும்?" என்றார் இஸ்திரிக்கடைக்காரி.

"சம்பந்தி, ஒரு படத்துக்குத்தானே. லேசா விசிறுங்க," என்றார் தையல்காரம்மா, நாற்காலியை நிறைத்துக்கொண்டு.

"சம்பந்தியா? நீங்க மூத்தவ, நான் இளையவ. ஒரே ராஜாவைக் கட்டிக்கிட்டவங்க. அப்ப நீங்க எனக்குச் சக்களத்தி."

"நான் சொல்லலம்மா, கல்லு சொல்லுது."

"சக்களத்தி வீட்டுல எவளாவது பொண்ணெடுப்பாளா?"

தையல்காரம்மாவின் முகம் திடீரென்று வெளுத்தது. "எடுக்கவே முடியாதே. உனக்கும் எனக்கும் புருஷன் ஒருத்தர்னா, உன் பையனுக்கும் என் பொண்ணுக்கும் அப்பா ஒருத்தர். அண்ணன் தங்கச்சிக்கா கல்யாணம் பேசினோம்?"

பார்த்தீர்களா கண்ணுகளா? மூளை வேலை செய்யாமலில்லை. செய்தது. திருப்பி மாட்டிய சட்டை மாதிரி, உள்ளே இருக்க வேண்டியது வெளியே தெரியச் செய்தது.

அரண்மனையார் முகத்தைத் துக்க வீட்டுக்கு மாற்றினார். "நானே சொல்லணும்னுதான் இருந்தேன். இதுக்குப் பந்த விமோசனம்னு ஒண்ணு இருக்கு. ரெண்டு குடும்பமும் மாசம் ஒரு தடவையா ஏழு மாசம், இதே பஸ்ல, முழு டிக்கெட்ல வரணும். அதுவரைக்கும் பொண்ணும் பையனும் பேசிக்கக்கூட வேணாம்."

டைல்ஸ்காரி சிரித்துக்கொண்டேதான் பேக்கரிக்காரன் பக்கம் திரும்பினாள். அவன் சிரிக்கவில்லை. ஓரடி தள்ளி நின்றான்.

"என்ன தள்ளி நிக்கிறே?"

"இல்ல... ஏழு மாசம்தானே. எதுக்கும் இருந்துட்டுப் போகட்டுமே. கல்லு அழுதுச்சே, கேட்டல்ல?"

ஒன்பது நாள் முட்டிபோட்டு அவள் போட்ட தரை அவள் மனசில் விரிசல் விட்டது. அம்மாக்கள் சண்டை ஆறிவிடும். ஓரடி தள்ளி நிற்கிறவனை எப்படி இழுப்பது? ஏழு மாதம் கழித்து எட்டாம் மாதம் இன்னொரு தோஷம் வராது என்று யார் கண்டது? கண் கலங்கியது. கலங்கிய கண் கீழே போயிற்று. கீழே போனது, தொழில்காரியின் கண்ணல்லவா, கல்லின் ஓரத்தில் நின்றது. ஒரு மூலையில் பூச்சு உதிர்ந்து மாவாகக் கிடந்தது. அவள் குனிந்து செருப்பின் குதிகாலால் தட்டினாள். பக்கத்துக் கல் 'டங்' என்றது. இந்தக் கல் 'டொப்' என்றது.

"டிரைவரண்ணே, பஸ்ல இருக்கிற தண்ணி கேன் நாலைக் கொஞ்சம் கொண்டு வர்றீங்களா? நிறைஞ்ச கேனா."

டிரைவர் கொண்டு வந்தார். அவரும் கம்பி மாதிரி ஆள். "முதல்ல நீங்க மட்டும் ஏறுங்க." கல் பேசவில்லை. "இப்ப ஒரு கேனோட ஏறுங்க." 'ங்ஙீ.' "இறங்குங்க. கேன் நாலையும் மட்டும் தனியா வைங்க." 'ங்ஙீ.'

டைல்ஸ்காரி மண்டபத்தைச் சுற்றிப் பார்த்தாள். "தண்ணி கேன் எந்த வம்சம்? சொல்லுங்க ஐயா, எழுதி வெச்சுக்கறோம்."

அரண்மனையார் லேசுப்பட்டவரா? "கேன் இல்லம்மா, தண்ணி. அது ராஜ குளத்துத் தண்ணி."

"இல்லைங்க. பெட்ரோல் பங்க் குழாயில புடிச்சது," என்றார் டிரைவர்.

"குழாய்க்குத் தண்ணி எங்கருந்து வருது? யோசிங்க."

ஸ்டெப்னி டயரை உருட்டி வந்து போட்டாள். அதற்கும் அழுதது. "கல்லு பாரத்துக்குத்தாங்க கத்துது. அடியில கலவை உதிர்ந்து பொள்ளலா இருக்கு. கனம் ஏறினா ஆடி, பக்கத்துக் கல்லை உரசுது. அவ்வளவுதான்."

இத்தோடு கதை முடிந்தது என்று நினைக்கிறீர்களா? அதுதான் இல்லை. அன்றைக்கு அந்த மண்டபத்தில் ஒன்பது ராணிகள் இருந்தார்கள். கிரீடத்தைக் கழற்றிக் கொடுக்க ஒருத்திக்கும் மனசு வரவில்லை. "டயருக்கும் பூர்வ ஜென்மம் இருக்கலாமே. யானையா இருந்திருக்கும்," என்றார் ஒரு ராணி. "படிக்காத பொண்ணு ஏதோ பேசுது," என்றார் இன்னொருவர். தையல்காரம்மாவே, "சும்மா இருடி, கல்லு கோவிச்சுக்கப் போவுது," என்று அதட்டினார்.

டைல்ஸ்காரி ஒரு பெருமூச்சு விட்டாள். "சரி. பேச்சு எதுக்கு? டிரைவரண்ணே, கடப்பாரை இருந்தா குடுங்க. நெம்பி எடுத்து அடியில கலவை போட்டுட்டா பத்து நிமிஷத்துல அழுகை நின்னுடும். கூலி வேணாம்."

கடப்பாரை என்ற சொல் காதில் விழுந்ததுதான் தாமதம், அரண்மனையாருக்குப் பதறிப்போயிற்று. மூன்று வருஷத்துப் பிழைப்பு அல்லவா? "தொடாதே" என்று கையை விரித்துக்கொண்டு, கல்லைக் காப்பாற்றக் கல்மேலேயே பாய்ந்தார்.

'ங்ங்ங்ஙீஈஈஈ.'

மூன்று வருஷத்தில் அப்படி ஒரு அழுகையைக் கல் அழுததில்லை. திடுக்கிட்டு ஒரு காலைத் தூக்கினார். 'ஙீஈ.' தடுமாறி மறுபடி ஊன்றினார். 'ஙீஈஈ.'

எல்லோரும் விரலை மடக்கி எண்ணினார்கள்.

"மூணு," என்றார் லிஃப்ட் ஆபரேட்டர்.

டைல்ஸ்காரி ஒரே நொடியில் புரிந்துகொண்டாள். யோசிக்கச் சொன்னால் கேட்காதவர்களை, அவர்கள் நம்பிக்கையையே பிடித்துக்கொண்டு கடைசிவரை நடத்திப் போக வேண்டியதுதான். சாஷ்டாங்கமாக விழுந்தாள். "அப்பா."

"யாரும்மா அப்பா?" என்றார் அரண்மனையார், பின்னால் நகர்ந்துகொண்டே.

"நீங்கதான். மூத்த ராணி பெத்த பொண்ணு நான். ஏழு மாசம் எதுக்குப்பா காத்திருக்கணும்? இன்னைக்கே அம்மாவைக் கூட்டிட்டுப் போங்க. இளைய ராணியையும்தான். பாக்கி ஏழு பேர் இதோ நிக்கிறாங்க. மூணு வருஷமா வந்துபோனவங்க விலாசமெல்லாம் உங்க நோட்டுல இருக்கு, சொல்லி அனுப்பிடலாம்."

தையல்காரம்மா நாற்காலியிலிருந்து மெல்ல எழுந்தார். ராஜாவை மேலும் கீழும் பார்த்தார். அந்த வயிற்றைப் பார்த்தார். "இவரா?" என்றார்.

"மகாராஜா, என் வீட்டுல இருக்கிறது உங்க பொருள். முப்பது வருஷம் பத்திரமா பார்த்துக்கிட்டேன்," என்று லிஃப்ட் ஆபரேட்டர் இஸ்திரிக்கடைக்காரியை முன்னால் தள்ளினார். "நான் குதிரைகிட்டப் போறேன்."

"யோவ், கையை எடு. இந்த ஆளுக்கு யார்யா சட்டை தேய்க்கிறது? ஒரு சட்டையே ஒரு போர்வை இருக்கும் போல," என்றார் இளைய ராணி.

மற்ற ராணிகளின் புருஷன்மாரும் ஒவ்வொருவராக முன்னால் வந்தார்கள். சிலர் முகத்தில் கோபம். சிலர் முகத்தில், உள்ளதைச் சொன்னால், நிம்மதி.

அரண்மனையார் சுவரோடு ஒட்டினார். "வேணாம்மா, வேணாம். வீட்டுல இருக்கிற ஒருத்திக்கே என்னால பதில் சொல்ல முடியல. அது பொள்ளல் கல்லும்மா. நாடகத்துக்கு மேடை போட வந்தவங்க இரும்புத் தூணை அதுமேல போட்டுட்டாங்க. அன்னையிலருந்து கத்துது. ராஜாவும் இல்ல, ராணியும் இல்ல."

"மைக்குல சொல்லுங்க."

மைக்கில் சொன்னார். ஒருமுறை சொன்னது சரியாகக் கேட்கவில்லை என்று டிரைவர் சொன்னதால் இரண்டாம் முறையும் சொன்னார். குடத்துக்கு வாங்கிய காணிக்கையை அங்கேயே திருப்பிக் கொடுத்தார். அந்தக் குடத்தைப் பேக்கரிக்காரன் தூக்கிக் கவிழ்த்தான். மணல் கொட்டியது. அவன் குனிந்து ஒரு பிடி அள்ளி விரலிடுக்கில் உதிர்த்துப் பார்த்தான்.

அம்மாக்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்க்க முடியாமல் தூணைப் பார்த்தார்கள். இஸ்திரிக்கடைக்காரிதான் முதலில் வாயைத் திறந்தார். "சம்பந்தி, குடம் தூக்கி இடுப்பு புடிச்சிக்கிச்சு. கொஞ்சம் அந்த நாற்காலியைக் குடுங்க."

"உக்காருங்க சம்பந்தி," என்று தையல்காரம்மா நாற்காலியை இழுத்துப் போட்டு, கையிலிருந்த டிக்கெட்டாலேயே விசிறிவிட்டார்.

பேக்கரிக்காரன் ஓரடி பக்கத்தில் வந்தான். "தப்புதான்," என்றான்.

"இனிமே யாராவது ஏதாவது சொன்னா என்ன பண்ணுவே?"

"உன்னைக் கேப்பேன்."

"என்னைக் கேக்காதே. அது இன்னொரு கல்லுகிட்டக் கேக்கற மாதிரி. நீயே தட்டிப் பாரு." சொல்லிவிட்டு அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். கல்யாணம் குறித்த தேதியில் நடந்தது.

இவ்வளவுதான் கண்ணுகளா. போன பிறவியில் நாம் யார் என்று தெரிந்துகொள்ளக் காசு கொடுத்து வரிசையில் நிற்கிறவர்களுக்கு, இந்தப் பிறவியில் அவர்கள் யார் என்பதை நான் இலவசமாகவே சொல்லிவிடுவேன். மரியாதைக்காகச் சும்மா இருக்கிறேன்.

போய் வாருங்கள். உங்கள் வீட்டில் அடுப்பும் சிரிப்பும் அணையாமல் இருக்கட்டும். 'ஏன்?' என்று கேட்கிற பிள்ளைகள் நிறையப் பிறக்கட்டும். கேட்ட பிள்ளையை 'வாயை மூடு' என்று சொல்லாத பெரியவர்கள் அந்த வீட்டில் நூறு வயது வாழட்டும்.