கோமதி செத்த மத்தியானம்

எனக்கு நீச்சல் தெரியாது. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பல வருஷமாகப் பிள்ளைகளுக்குப் பௌதிகம் சொல்லிக் கொடுக்கிறேன். ஒரு பொருள் தண்ணீரில் ஏன் மிதக்கிறது என்று பலகை நிறையப் படம் போட்டு விளக்குவேன். ஆனால் என்னைத் தண்ணீரில் போட்டால் அந்த விதி வேலை செய்யாது. (ஒரு தடவை த்வாண்டே கால்வாயில் சோதித்துப் பார்த்தாயிற்று. தலைமுடியைப் பிடித்து இழுத்துக் கரையில் போட்டார்கள். அப்போது தலைமுடி இருந்தது.)

இப்படிப்பட்டவனுக்குத் தண்ணீரை விட்டு வெளியே வராத ஒரு மகள். கோமதி சிறுமியாக இருந்தபோதே நீச்சல் குளத்தின் அடியில் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொள்வாள். கூந்தல் தனியாக ஒரு உயிர் மாதிரி மேலே எழுந்து ஆடும். கண்ணைத் திறந்தபடி என்னையே பார்த்துக்கொண்டிருப்பாள். பெற்ற பிள்ளைதான். ஆனாலும் அடியிலிருந்து அந்த முகம் பார்க்கும்போது எனக்கு முதுகு சில்லிட்டுவிடும். அவள் மேலே வரும்வரை கரையில் நின்று நானும் மூச்சைப் பிடித்துக்கொள்வேன். அவளுக்கு மூச்சு முட்டத் தொடங்கினால் இடது கைக் கட்டைவிரல் உள்ளங்கைக்குள் மடங்கும். அது அவளுக்கே தெரியாது. எனக்கு மட்டும் தெரியும். விரல் மடங்கியதும், "போதும், மேல வா!" என்று கத்துவேன். தண்ணீருக்குள் கேட்காது. ஆனாலும் வந்துவிடுவாள்.

பின்னாளில் நாட்டுக்காகப் போட்டிகளில் நீந்தினாள். பதக்கங்கள் வாங்கினாள். அப்புறம் தோள்பட்டை போய்விட்டது. பர்மாவிலிருந்து பிள்ளைகள் ஒவ்வொருவராக வெளிநாடு கிளம்பிக்கொண்டிருந்த காலம். அவளும் பாங்காக் போய்ச் சிறுவர்களுக்கு நீச்சல் கற்றுக் கொடுத்தாள். அங்கேதான் ஒரு தொலைக்காட்சித் தொடரை எடுப்பவர்கள் அவளைத் தேடி வந்தார்கள். அவர்களுடைய கதாநாயகிக்குத் தண்ணீர் என்றால் பயம். அவளுக்குப் பதிலாகத் தண்ணீரில் இறங்கக் கோமதியின் முதுகும் கால்களும் வேண்டுமாம். இரண்டு நாள் முதுகைப் படமெடுத்த இயக்குநர், மூன்றாம் நாள் தற்செயலாக முகத்தைப் பார்த்திருக்கிறார். ஒரு குமிழிகூட விடாமல், இமைக்காமல், நீருக்கடியில் கிடக்கும் முகம். அடுத்த தொடரில் அவளுக்கே ஒரு வேஷம் கொடுத்துவிட்டார்.

"சின்ன வேஷம்தாம்ப்பா. தண்ணிக்குள்ள. வசனம் கிடையாது" என்றாள் போனில்.

வேறென்ன கேட்க வேண்டும்? நீச்சல் வீராங்கனையாக வருகிறாள் என்று நானே முடிவு செய்துகொண்டேன். தாமுவேயில் எங்கள் தெரு முழுக்கச் சொன்னேன். (யாரும் கேட்கவில்லை. சந்தையில் மீன்காரம்மா மட்டும், "எவ்வளவு வேணும் சயா?" என்று கேட்டாள். சயா என்றால் வாத்தியார். அவளுக்கும் சொன்னேன்.) தாய்லாந்துத் தொடர்களைப் பர்மிய எழுத்தோடு காட்டும் சானலில் அது வருகிறது என்று தெரிந்ததும் அக்கம்பக்கத்தையெல்லாம் வீட்டுக்கு அழைத்துவிட்டேன்.

அந்த மத்தியானம் விடாத மழை. வானம் சாம்பல் நிறத்தில் வீட்டுக் கூரைமேலேயே வந்து உட்கார்ந்திருந்தது. கூடத்தில் பாய் விரித்திருந்தோம். லபெயும், அதோடு கொறிக்க வறுத்த பயறும் வேர்க்கடலையும் சூரியகாந்தி விதையும் தட்டுகளில் வைத்திருந்தோம். எங்கள் ஊரில் கல்யாணத்துக்கும் அந்த ஊறவைத்த தேயிலைதான், சாவுக்கும் அதுதான். இது பின்னால் முக்கியமாகப் போகிறது.

என் மனைவி மா கின்னுக்கு அம்மா பர்மியர், அப்பா தமிழர். வளர்ந்தது முழுக்க அம்மா வீட்டு வழக்கத்தில். மகளைக் கௌரவிக்க வேண்டும் என்று சந்தையில் மல்லிகைச் சரம் வாங்கி வந்து, டிவிக்குப் பக்கத்தில் இருந்த கோமதியின் படத்துக்குப் போட்டுவிட்டாள். போட்டியில் ஜெயித்துக் குளத்திலிருந்து ஏறிய நொடியில் எடுத்த படம். ஈர முடி கன்னத்தில் ஒட்டியிருக்கும். சிரிக்க மாட்டாள். எங்கே நின்றாலும் நம்மையே பார்ப்பாள்.

படத்துக்கு மாலை போட்டால் எங்கள் வீடுகளில் அதற்கு ஒரே அர்த்தம்தான். சொல்ல வாயெடுத்தேன். கின் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்து மூடிக்கொண்டேன். (இத்தனை வருஷக் குடித்தனத்தில் நான் நன்றாகக் கற்றுக்கொண்ட ஒரே பாடம்.)

தொடர் ஆரம்பித்தது. ஒரு பெரிய வீடு. பின்னால் தாமரைக் குளம். கரையில் ஒருவன் நிற்கிறான். கேமரா மெல்லத் தண்ணீருக்குள் இறங்குகிறது. பாசி. தண்டுகள். அப்புறம் கூந்தல், தனியாக ஒரு உயிர் மாதிரி மேலே எழுந்து ஆடியது.

கோமதி அடியில் கிடந்தாள். வெள்ளை உடை. நீலம் பாய்ந்த உதடு. திறந்த கண்.

கூடத்தில் ஒரு விதை உடைபடும் சத்தம்கூட இல்லை. பக்கத்து வீட்டு டோ எய் மட்டும், "புருஷன்தான் அமுக்கிட்டான்" என்று பர்மியத்தில் முணுமுணுத்தாள். அவள் இந்தத் தொடரை விடாமல் பார்ப்பவள்.

நான் வழக்கம்போல மூச்சைப் பிடித்துக்கொண்டேன். காட்சி நகரவில்லை. அவள் முகம், அவள் கழுத்து, அவள் கை. என் நெஞ்சு அடைத்தது. அப்போது பார்த்தேன். இடது கைக் கட்டைவிரல் மெதுவாக உள்ளங்கைக்குள் மடங்கியது.

'போதும், மேல வா.' வாய்விட்டுச் சொல்ல என்னிடம் காற்று இல்லை. அவள் வரவில்லை. யாரும் தூக்கவில்லை. எல்லாம் கறுத்துவிட்டது.

எனக்குத்தான் கண் இருட்டிவிட்டது என்று நினைத்தேன். கரண்ட் போயிருந்தது.

இதற்காகவே நான் கைப்பட இணைத்து வைத்திருந்த பேட்டரி, 'டிக்' என்று ஒரு தடவை சொல்லிவிட்டு மௌனமானது. (பௌதிக ஆசிரியர் போட்ட இணைப்பு. மேற்கொண்டு கேட்காதீர்கள்.) கின் மெழுகுவத்தி ஏற்றினாள். தட்டுகள் போக டிவி மேசையில் மிச்சமிருந்த ஒரே இடத்தில், கோமதியின் படத்துக்கு முன்னால் வைத்தாள். மாலைக்கு நடுவே அந்த ஈர முகம் அசைவது போலிருந்தது. கரண்ட் வரட்டும் என்று எல்லோரும் பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். நான் மூச்சு வாங்கிக்கொண்டு, கண்ணில் நீர் வழிய, சுவரில் சாய்ந்திருந்தேன்.

அந்த நேரம் பார்த்து இன்சீனிலிருந்து என் அக்கா சொர்ணம் வந்து சேர்ந்தாள்.

ஊரைச் சுற்றி வரும் வட்ட ரயில் தாமதம். அக்கா முழுக்க நனைந்திருந்தாள். வாசலில் குடையை மடக்கினாள், நிமிர்ந்தாள். மாலை போட்ட படம். விளக்கு. லபெ. தலைகுனிந்த கூட்டம். அழுதுகொண்டிருக்கும் தம்பி. குடை கையிலிருந்து விழுந்தது.

"என்னடா இது... யாருடா... எப்படிடா?"

எனக்கு இன்னும் மூச்சு திரும்பவில்லை. டோ எய் முந்திக்கொண்டாள். "தண்ணியில முக்கிட்டாங்க அக்கா. புருஷன்தான்."

"புருஷனா?" அக்கா இரண்டு கையாலும் தலையில் அடித்துக்கொண்டாள். "எங்களுக்குச் சொல்லாம கல்யாணம் வேற கட்டிக்கிட்டாளா!"

அப்படியே தரையில் உட்கார்ந்து தொடங்கிவிட்டாள். என் அக்காவின் ஒப்பாரியைக் கேட்டவர்களுக்குத் தெரியும், அது ரயில்வே பட்டறைச் சங்குக்குப் பதில் சொல்லக்கூடியது.

"மீனாப் பொறந்தவளே, என் மேனியெல்லாம் நடுங்குதடி! நீந்திப் போனவளே, நீ நிலம் சேர மறந்தாயடி! மூட்டுக்குத் தைலம் வாங்கியாரேன்னு முந்தாநாள் சொன்னியேடி!"

"அக்கா, இது டிவி..." என்றேன். பாதியில் நின்றுவிட்டேன். காரணம், அவள் அடுத்துச் சொன்னது.

"நேத்து வெள்ளனக் கனவுல வந்தாடா தம்பி. தலைமுடியெல்லாம் ஈரம். பேசவே இல்ல. என்னையே பாத்துக்கிட்டு நின்னா."

மெழுகுவத்தி ஒரு முறை குனிந்து நிமிர்ந்தது. நான் படத்தைப் பார்த்தேன். ஈர முடி. பேசாத வாய்.

விரல் மடங்கியதை நான் பார்த்தேனே. அது நடிப்பில்லை. அந்த விரலுக்கு நடிக்கத் தெரியாது.

நேற்று அவள் போனில் சொன்னது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. 'நாளைக்கு மறுபடியும் தண்ணித் தொட்டியில ஷூட்டிங்ப்பா.' நாளை என்றால் இன்று. போனை எடுத்து அழைத்தேன். தொடர்பு கிடைக்கவில்லை என்று ஒரு பெண் தாய்லாந்து மொழியில் நிதானமாகச் சொன்னாள். மறுபடி அழைத்தேன். மறுபடியும் அதே நிதானம்.

"நேத்து பேசினாக்கா" என்றேன்.

"நேத்துப் பேசினவ இன்னைக்கு ஏண்டா எடுக்கல?" என்றாள் அக்கா.

கின் என்னைப் பார்த்தாள். தொடர் எப்போதோ படமாக்கியது என்று அதுவரை அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆனால் நான் மறுபடி மறுபடி போனை அழுத்துவதைப் பார்த்து அவள் உதடும் கோணியது. "கோமதி அப்பா, என்னங்க?" என்றாள். அந்த ஒரு கேள்வியில் வீடு முழுக்க அழுகை தொற்றிக்கொண்டது. படம் பார்க்க வந்தவர்களும் அழுதார்கள்.

எங்கள் வார்டில் நல்ல மனிதர்கள் அதிகம். அழுகைச் சத்தம் கேட்டால் மழையென்றும் பார்க்க மாட்டார்கள். சாவு வீடுகளுக்கு உதவும் தெருச் சங்கத்திலிருந்து கோ சோ வந்துவிட்டார். கைலி மாதிரிக் கட்டியிருந்த லோஞ்சியின் நுனியைப் பிழிந்துகொண்டே என் பக்கத்தில் குந்தி, மிக மெதுவாகக் கேட்டார்: "மனசைத் தேத்திக்குங்க சயா. உடம்பு எப்ப வருது? விமானத்துலயா?"

நான் என்ன செய்திருக்க வேண்டும்? எழுந்து, 'யாரும் சாகவில்லை, எல்லோரும் வீட்டுக்குப் போங்கள்' என்றிருக்க வேண்டும். படித்தவன். ஆசிரியன்.

"தெரியலைங்க," என்றேன். "கேட்டுச் சொல்றேன்."

சொல்லி முடித்த கணத்தில் கரண்ட் வந்தது.

பின்வரிசைக்குக் கேட்க வேண்டுமென்று டிவியின் சத்தத்தை நான்தான் முழுசாகத் திருப்பி வைத்திருந்தேன். விளக்குகள் பளிச்சிட்டன. தண்ணீர் பிளக்கும் பேரோசை. திரை முழுக்கக் கோமதி. குளத்திலிருந்து எழுந்து, முடி சொட்டச் சொட்ட, நேராக எங்கள் கூடத்தைப் பார்த்து வாயைத் திறந்தாள்.

அக்கா ஒப்பாரியின் நடு அடியில் நின்று, இதுவரை எந்த மனிதத் தொண்டையிலிருந்தும் நான் கேட்டிராத ஒரு சத்தம் போட்டாள். டோ எய் லபெத் தட்டோடு என் மடியில் விழுந்தாள். கோ சோ ஆயிரம் பிணம் பார்த்தவர். வாசலில் அவருடைய செருப்பு மட்டும் இருந்தது.

அப்போது என் கையில் போன் அதிர்ந்தது. கோமதியின் பெயர்.

எடுக்கப் பயமாக இருந்தது. திரையில் அவள் வாய் திறந்தபடி இருந்தது. கையில் அவள் அழைத்துக்கொண்டிருந்தாள். கின்தான் பொத்தானை அழுத்தி என் காதில் வைத்தாள்.

"அப்பா? இவ்வளவு தடவ கூப்பிட்டிருக்கீங்க? தொட்டிக்குள்ள இருந்தேன், போனை வாங்கி வெச்சிட்டாங்க. அங்க என்ன சத்தம்?"

குரலை நான் நம்பவில்லை. திரையில் வாய் திறந்து நிற்பவளும் இதே குரலில் பேசக்கூடும்.

"பேசாத" என்றேன். "மூச்சு மட்டும் விடு."

"என்னது?"

"விடும்மா."

பிறகு வந்தது. நீந்தி முடித்துக் கரையைப் பிடித்ததும் அவள் விடுகிற மூச்சு. முதலில் நீளமாக ஒன்று, அதன் பின்னால் விசும்பல் மாதிரிக் குட்டியாக இன்னொன்று. இந்த உலகத்தில் நான் கண்ணை மூடிக்கொண்டு அடையாளம் சொல்லக்கூடிய ஒரே சத்தம் அது.

போனை அப்படியே காதில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து அழுதேன். இந்த முறை காரணத்தோடு. "விரல் மடங்குச்சே, ஏன் யாரும் தூக்கல?" என்று மட்டும் கேட்டேன்.

"தூக்கினாங்கப்பா. அதை வெட்டிட்டாங்க. செத்தவ எழுந்து இருமினா நல்லா இருக்குமா?" என்றாள். "செத்துப்போற வேஷம்னு சொன்னா நீங்க தூங்க மாட்டீங்கன்னுதான் சொல்லல."

அதற்குப் பிறகு அவள் தொடர்ந்து செத்துக்கொண்டுதான் இருக்கிறாள். ஆற்றில், கடலில், ஒரு தொடரில் குளியல் தொட்டியில். தாய்லாந்து மொழி உச்சரிப்பு சரியாகும்வரை பேய் வேஷம்தான் வசதி என்கிறாள். ஆனால் முன்கூட்டியே செய்தி வந்துவிடும்: 'அப்பா, வெள்ளிக்கிழமை சாகிறேன். சாப்பிட்டுவிட்டுப் பாருங்கள்.' கோ சோ தெருவில் பார்க்கும்போதெல்லாம், "உடம்பு எப்ப வருது சயா?" என்பார். போன மாதம் அவள் விடுமுறையில் வந்தபோது, "உடம்பு வந்தாச்சு!" என்று கின்னே வாசலில் நின்று அவருக்குக் குரல் கொடுத்தாள்.

எங்கள் வீட்டில் போனில் இப்போது யாரும் ஹலோ சொல்வதில்லை. முதலில் மூச்சு. பிறகுதான் பேச்சு.

அந்த விடுமுறையில் ஒரு நாள் மத்தியானம், கரண்ட் இல்லை, மழை. என் போன் அடித்தது. கோமதியின் பெயர். எடுத்தேன். மூச்சுச் சத்தம். நீளமாக, இழுத்து இழுத்து வந்தது.

"போதும், பேசும்மா" என்றேன்.

பதில் இல்லை. மூச்சு மட்டும்.

"யார்கிட்டப்பா பேசறீங்க?"

திரும்பினேன். குளியலறை வாசலில் கோமதி நின்றிருந்தாள். ஈர முடி கன்னத்தில் ஒட்டியிருந்தது. கையில் போன் இல்லை. காதில் மூச்சு இன்னும் வந்துகொண்டிருந்தது.

நான் கத்தியதில் டோ எய் வீட்டு நாய் குரைத்தது. உள்ளறைக் கதவு திறந்தது. கோமதியின் போனைக் காதில் வைத்தபடி, சிரிப்பில் மூச்சு இழுத்துக்கொண்டு, மூட்டுத் தைல வாசனையோடு அக்கா நின்றிருந்தாள்.

"அன்னைக்கு நான் பயந்ததுல இது பாதிகூட இல்லடா தம்பி" என்றாள்.